வலித்தால் என்ன, வெட்டுங்கள்! கிரேக்க, ரோமானிய டாக்டர்களைப் பற்றி இதெல்லாம் தெரியுமா?

கயஸ் மாரியஸ் என்ற பெயரைக் கேள்விப்பட்டிருக்கிறீர்களா? ரோமாபுரியில் கான்சல் பதவி என்றால் உச்சாணிக் கொம்பு. அதில் ஏழு முறை உட்கார்ந்தவர் இவர். ஜூலியஸ் சீசரின் அத்தையைக் கட்டியவர். நம் முறைப்படி சீசருக்கு மாமா!

மாமாவுக்கு இரண்டு காலிலும் நரம்பு முடிச்சு முடிச்சாகச் சுருண்டு புடைத்துக்கொண்டிருந்தது. இன்று வெரிகோஸ் வெயின் என்கிறோமே, அதேதான். டாக்டர் கத்தியோடு வந்தார். ஆபரேஷன் என்றால் நோயாளியைக் கட்டிப்போடுவது அன்றைய வழக்கம். மாரியஸ், "கட்டெல்லாம் வேண்டாம்" என்று ஒரு காலை நீட்டினார். கத்தி இறங்கியது. அசையவில்லை, முனகவில்லை, முகம்கூடச் சுளிக்கவில்லை! முதல் கால் முடிந்து டாக்டர் அடுத்த காலுக்குத் திரும்பினார். "போதும்! இந்த வலிக்கு அந்தப் பலன் காணாது" என்று மாரியஸ் காலை இழுத்துக்கொண்டார். புளூட்டார்க் எழுதிய வாழ்க்கை வரலாற்றில் வரும் சம்பவம் இது.

இன்றைக்கு 2,100 ஆண்டுகளுக்கு முந்தைய கதை. மயக்க ஊசி இல்லை, எக்ஸ்ரே இல்லை, கிருமி என்ற ஒன்று இருப்பதே யாருக்கும் தெரியாது. ஆனாலும் வெட்டினார்கள், தைத்தார்கள், மண்டை ஓட்டில் துளைகூடப் போட்டார்கள்! கையில் இருந்ததெல்லாம் கூர்மையான கண், நடுங்காத விரல், கொஞ்சம் துணிச்சல். மூச்சைப் பிடித்துக்கொள்ளுங்கள், போகலாம்!

அனஸ்தீசியா: முதல் நூற்றாண்டுச் சொல்!

மாரியஸுக்கு இருந்த நெஞ்சுரம் எல்லோருக்கும் வருமா? வராதவர்களுக்கு மது இருந்தது, அபினி இருந்தது. இன்னொன்றும் இருந்தது: மாண்ட்ரேக் என்ற செடியின் வேர். அதை மதுவில் ஊறவைத்தோ காய்ச்சியோ, வெட்டுவதற்கும் சூடு போடுவதற்கும் முன்னால் நோயாளிக்குக் குடிக்கக் கொடுக்கலாம் என்று எழுதிவைத்தவர் டயோஸ்கோரிடிஸ் என்ற கிரேக்க மருத்துவர். கி.பி. முதல் நூற்றாண்டுக்காரர். உணர்வு மரத்துப்போகும் அந்த நிலைக்கு அவர் போட்ட சொல் என்ன தெரியுமா? அனஸ்தீசியா! இன்று ஆபரேஷன் தியேட்டர் வாசலில் நாம் கேட்கும் அதே வார்த்தை.

ஒரே ஒரு சிக்கல். அளவு கொஞ்சம் கூடினால் நோயாளி எழுந்திருக்கவே மாட்டார்!

இரண்டு கையும் பழக வேண்டும்!

நல்ல சர்ஜன் எப்படி இருக்க வேண்டும்? செல்சஸ் என்ற ரோமானியர் இதற்கு ஒரு பட்டியலே போட்டிருக்கிறார். வயது இளமையாக இருக்க வேண்டும். கை நடுங்கக் கூடாது. பார்வை கூர்மையாக இருக்க வேண்டும். நோயாளியைக் குணப்படுத்தும் அளவுக்கு இரக்கம் வேண்டும். ஆனால் அவர் அலறுகிறாரே என்று அவசரப்படவோ, வெட்ட வேண்டியதைக் குறைத்து வெட்டவோ கூடாது!

இதோடு, இடது கையும் வலது கை போலவே வேலை செய்ய வேண்டும் என்கிறார். எதற்கு? கண்புரை ஆபரேஷனைப் பார்த்தால் புரியும். நோயாளி வெளிச்சத்தைப் பார்த்து உட்காருவார். எதிரே, சற்று உயரமான ஆசனத்தில் டாக்டர். பின்னால் ஒருவர் நோயாளியின் தலையை அசையாமல் பிடித்துக்கொள்வார். நல்ல கண்ணைக் கம்பளி வைத்து மூடிவிடுவார்கள். பிறகு மெல்லிய ஊசியைக் கண்ணுக்குள் செலுத்தி, புரையைக் கீழே தள்ளிவிடுவார்கள். இடது கண்ணுக்கு டாக்டரின் வலது கை, வலது கண்ணுக்கு இடது கை! நம் நாட்டின் சுஸ்ருத சம்ஹிதையும் இதே போன்ற ஊசி வைத்தியத்தை விவரிக்கிறது.

காலைச் சரிசெய்தவருக்குத் தங்க விலங்கு!

பாரசீகச் சக்கரவர்த்தி டேரியஸ் குதிரையிலிருந்து இறங்கும்போது கணுக்கால் பிசகிவிட்டது. அரண்மனையில் இருந்த எகிப்திய வைத்தியர்கள் முறுக்கித் திருகியதில் நிலைமை இன்னும் மோசமானது. ஏழு ராத்திரி, ஏழு பகல் ராஜாவுக்குத் தூக்கமில்லை! எட்டாவது நாள், அடிமைகளுக்கு நடுவே கந்தல் உடையில் கிடந்த டெமோசிடிஸ் என்ற கிரேக்கரை இழுத்து வந்தார்கள். அவர் மென்மையான முறையில் வைத்தியம் பார்த்து, ராஜாவைத் தூங்க வைத்து, நடக்கவும் வைத்துவிட்டார்.

பரிசு என்ன தெரியுமா? இரண்டு ஜோடி தங்க விலங்கு! "குணப்படுத்தியதற்காக என் துன்பத்தை இரண்டு மடங்காக்குகிறீர்களா?" என்று டெமோசிடிஸ் கேட்க, ராஜா சிரித்துவிட்டு அவரை அந்தப்புரத்துக்கு அனுப்பினார். ராணிகள் ஒவ்வொருவரும் பெட்டியிலிருந்து கிண்ணம் கிண்ணமாகப் பொற்காசு அள்ளிக் கொடுத்தார்கள். கீழே சிந்தியதைப் பொறுக்கிய வேலைக்காரரே பணக்காரர் ஆகிவிட்டாராம்! கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் சொல்லும் கதை இது. தோற்றுப்போன எகிப்திய வைத்தியர்களைக் கழுவேற்ற உத்தரவு வந்தபோது, மன்றாடிக் காப்பாற்றியவரும் இதே டெமோசிடிஸ்தான்.

ராஜாவின் கண்ணில் அம்பு, மகனின் மார்பில் அம்பு!

கி.மு. 354. மெத்தோனே நகர முற்றுகையில் மாசிடோனிய மன்னர் இரண்டாம் பிலிப்பின் வலது கண்ணில் அம்பு பாய்ந்தது. பார்வை போய்விட்டது. ஆனால் முகம் கோரமாகாதபடி அம்பை எடுத்ததற்காக கிரிட்டோபுலஸ் என்ற மருத்துவர் பெரும் புகழ் பெற்றார் என்கிறார் ரோமானிய எழுத்தாளர் பிளினி.

அந்தப் பிலிப்பின் மகன்தான் அலெக்சாண்டர். இந்தியப் படையெடுப்பின்போது மல்லர் என்ற இனத்தாரின் கோட்டையில் தனியாகக் குதித்து, மார்பில் அம்பு வாங்கினார். கோஸ் தீவு மருத்துவர் கிரிட்டோடெமஸ் காயத்தை அகலப்படுத்தி அம்பை எடுத்தார் என்று ஒரு தகவல். டாக்டர் அருகில் இல்லாததால் தளபதி பெர்டிக்காஸ் தன் வாளாலேயே கீறி எடுத்தார் என்று இன்னொரு தகவல். வரலாற்றாசிரியர் ஆரியன் இரண்டையும் எழுதிவைத்திருக்கிறார். வாளால் ஆபரேஷன்! நினைத்தாலே உடம்பு சிலிர்க்கிறதா?

அகலமான அம்பு முனையை அப்படியே இழுத்தால் சதையையும் பிய்த்துக்கொண்டு வருமே? அதற்கும் வழி கண்டுபிடித்தார்கள். டயோகிளிஸ் என்ற மருத்துவரின் பெயரால் ஒரு கரண்டி! அதைக் காயத்துக்குள் அம்போடு ஒட்டி இறக்குவார்கள். கரண்டியின் நுனியில் உள்ள ஓட்டையில் அம்பு முனை மாட்டிக்கொள்ளும். பிறகு இரண்டையும் சேர்த்து வெளியே எடுத்துவிடலாம்.

துளைக்கும்போது தண்ணீரில் முக்கு!

மருத்துவத்தின் தந்தை என்று நாம் சொல்லும் ஹிப்போகிரட்டிஸ், கி.மு. 460 வாக்கில் கோஸ் தீவில் பிறந்தவர். அவர் பெயரில் சுமார் 60 நூல்கள் உள்ளன. அவற்றில் தலைக்காயம் பற்றிய நூல், மண்டை ஓட்டில் துளை போடும்போது கருவியை அடிக்கடி வெளியே எடுத்துக் குளிர்ந்த நீரில் முக்கச் சொல்கிறது. காரணம்? கருவி சுழலச் சுழலச் சூடேறும், சூடு எலும்பைக் கருக்கிவிடும்! இன்று எலும்பில் துளை போடும் டாக்டரும் தண்ணீர் விட்டுக்கொண்டேதான் துளைக்கிறார்.

தோள்மூட்டு நழுவினால், நோயாளியைப் படுக்கவைத்து, அக்குளில் டாக்டர் தன் குதிகாலை ஊன்றி, கையைப் பிடித்து இழுக்கும் முறையும் அந்த நூல்களில் உண்டு. ஹிப்போகிரட்டிஸ் முறை என்ற பெயரிலேயே அது இன்றும் பாடப்புத்தகத்தில் நிற்கிறது!

அவர் பெயரால் வழங்கும் உறுதிமொழியில் ஓர் ஆச்சரியம்: சிறுநீர்ப்பைக் கல்லுக்காக நான் கத்தி வைக்க மாட்டேன், அதைத் தொழிலாகச் செய்பவர்களிடம் விட்டுவிடுவேன் என்று சத்தியம் செய்ய வேண்டும். அன்றே ஸ்பெஷலிஸ்ட்!

உங்கள் வயிற்றுக்குள் 12 விரல்!

கி.மு. மூன்றாம் நூற்றாண்டு, எகிப்தின் அலெக்சாண்டிரியா நகரம். மனித உடலை அறுத்துப் பார்க்க அரசர்கள் அனுமதி தந்தார்கள். ஹெரோஃபிலஸும் எராசிஸ்ட்ராட்டஸும் களத்தில் இறங்கினார்கள். இரைப்பையை அடுத்து வரும் குடல் பகுதியின் நீளம் எவ்வளவு? விரலை அடுக்கி அளந்தார் ஹெரோஃபிலஸ். பன்னிரண்டு விரல்! அதையே பெயராக வைத்தார். அது லத்தீனுக்குப் போய் டியோடினம் ஆனது. ஸ்கேன் ரிப்போர்ட்டில் அந்தச் சொல்லைப் பார்த்தால், சுமார் 2,300 ஆண்டுகளுக்கு முன் ஒருவர் விரல் வைத்து அளந்தது நினைவுக்கு வரட்டும்.

நாடி பார்க்க அவரிடம் கைக்கடிகாரம் ஏது? கையோடு எடுத்துப்போகும் நீர்க்கடிகாரம் வைத்திருந்தார்! நோயாளியின் வயதுக்குத் தக்கபடி அதன் அளவைச் சரிசெய்து, நாடி வேகமாக ஓடுகிறதா என்று கணக்குப் பார்த்தாராம்.

ஆனால் இந்தக் கதைக்கு ஓர் இருண்ட பக்கமும் உண்டு. சிறையிலிருந்து வந்த குற்றவாளிகளை உயிரோடேயே அறுத்துப் பார்த்தார்கள் என்று செல்சஸ் எழுதியிருக்கிறார். அதைக் கொடுமை என்றும் அவரே கண்டித்திருக்கிறார்.

கிளினிக் வாங்கிக்கொடுத்த ஊரே கசாப்புக்காரன் என்றது!

ரோமாபுரிக்கு முதன்முதலில் வந்த கிரேக்க டாக்டர் யார்? ஆர்காகதஸ். வந்த ஆண்டு கி.மு. 219. குடியுரிமை கொடுத்தார்கள். அரசாங்கச் செலவில் நாற்சந்தியில் ஒரு கடையே வாங்கிக் கொடுத்தார்கள்! காயம் ஆற்றுபவர் என்று கொண்டாடினார்கள். அவரோ எதற்கெடுத்தாலும் கத்தி, எதற்கெடுத்தாலும் சூட்டுக்கோல் என்று இறங்க, பட்டப்பெயர் மாறிவிட்டது: கசாப்புக்காரன்!

சீசர் சிசேரியனில் பிறக்கவில்லை!

தாயின் வயிற்றைக் கிழித்துப் பிறந்ததால் சீசர், அதனால்தான் சிசேரியன். பள்ளிக்கூடத்திலிருந்தே கேட்ட கதை, இல்லையா? அன்றைய ரோமில் இறந்த கர்ப்பிணியின் வயிற்றைத்தான் கிழிப்பார்கள். குழந்தையை எடுக்காமல் புதைக்கக் கூடாது என்று சட்டமே இருந்தது. சீசரின் தாய் அவுரேலியாவோ கி.மு. 54 வரை உயிரோடு இருந்தார். அப்போது மகனுக்கு வயது நாற்பதைத் தாண்டிவிட்டது!

சீசரின் சாவில்தான் நிஜ மருத்துவ அதிசயம் இருக்கிறது. கி.மு. 44 மார்ச்சில் 23 கத்திக்குத்து. ஆண்டிஸ்டியஸ் என்ற மருத்துவர் உடலைப் பரிசோதித்து, மார்பில் விழுந்த இரண்டாவது குத்து ஒன்றுதான் உயிரைக் குடித்தது என்று சொன்னார். வரலாற்றில் பதிவான மிகப் பழைய போஸ்ட்மார்ட்டங்களில் இதுவும் ஒன்று!

சாம்பலுக்குள் ஒரு டாக்டர் பெட்டி!

கி.பி. 79. வெசுவியஸ் எரிமலை வெடித்து பாம்பெய் நகரம் சாம்பலில் புதைந்தது. 1770 வாக்கில் ஒரு வீட்டைத் தோண்டினால், உள்ளே சுமார் 40 அறுவைக் கருவிகள்! வீட்டுக்கே 'சர்ஜன் வீடு' என்று பெயர் வந்துவிட்டது. கத்தி, இடுக்கி, கொக்கி, துருவி. பாம்பெய் மண்ணில் கிடைத்த இன்னொரு கருவி மகப்பேறு டாக்டர்களையே அசத்தும். கருப்பை வாயைப் பார்ப்பதற்காகத் திருகைச் சுற்றிச் சுற்றி மெதுவாக விரிக்கும் வெண்கல ஸ்பெகுலம்!

1989-இல் இத்தாலியின் ரிமினி நகரில் இன்னொரு புதையல். கி.பி. மூன்றாம் நூற்றாண்டின் நடுவில் தீயில் இடிந்து விழுந்த டாக்டர் வீடு. 150 கருவிகள்! பாத வைத்தியத்துக்கென்று பாதத்தின் வடிவிலேயே ஒரு மண் பாத்திரம்கூடக் கிடைத்தது. யூட்டிகெஸ் என்பவர் நல்ல மனிதர் என்று சுவரில் யாரோ கிறுக்கியிருக்கிறார்கள். அவர்தான் அந்த வீட்டு டாக்டர் என்று கருதுகிறார்கள். பீஸ் வாங்காமல் பார்த்திருப்பாரோ என்னவோ!

752 வீரர், 31 சிக் லீவ், 2 தெனாரியஸ் மிளகு!

ரோமானியப் படை போன இடமெல்லாம் ஆஸ்பத்திரியும் போனது. ஸ்காட்லாந்தின் இன்ச்டுதில் கோட்டையில் ஏறத்தாழ 60 சிற்றறைகள் கொண்ட மருத்துவமனை இருந்தது. நடுவில் முற்றம், சுற்றிலும் நடைபாதை.

இங்கிலாந்தின் விண்டோலாண்டா கோட்டையில் ஈரமண் காப்பாற்றிக் கொடுத்த மரச்சில்லு ஒன்றில் வருகைப் பதிவேடே இருக்கிறது! மொத்தம் 752 வீரர்கள். அதில் 31 பேர் வேலைக்கு லாயக்கில்லை. நோய் 15, காயம் 6, கண்ணெரிச்சல் 10! போரில் அடிபட்டவர்களைவிடக் கண் நோய்க்காரர்கள் அதிகம்.

அதே கோட்டையின் கணக்குச் சில்லு ஒன்றில் கம்பாக்ஸ் என்ற வீரர் பெயரில் ஒரு வரி: மிளகு, 2 தெனாரியஸ் காசு. அந்த மிளகு விளைந்த மண் எது? அன்றைய சேர நாட்டு மலை! யவனரின் மரக்கலங்கள் முசிறிக்கு மிளகு வாங்க வந்த செய்தி அகநானூற்றிலேயே இருக்கிறது. மிளகு அவர்களுக்கு அடுப்படிச் சரக்கு மட்டுமா? மருந்துப் பெட்டிச் சரக்கும்கூட. ஹிப்போகிரட்டிஸ் பெயரிலான நூல்களிலேயே அது இந்திய மருந்து என்று வருகிறது. செல்சஸ் தரும் விஷமுறிவு மருந்தில் நம் திப்பிலியும் சேர்கிறது!

கடலுக்கடியில் 2,100 வருடம் கெடாத மாத்திரை!

கி.மு. 130 வாக்கில் இத்தாலியின் டஸ்கனி கரையருகே ஒரு கப்பல் மூழ்கியது. 1974-இல் கண்டுபிடித்தார்கள். உள்ளே ஒரு சின்னத் தகர டப்பா; அதற்குள் ஆறு வட்ட வில்லைகள், தண்ணீர் படாமல்! 2013-இல் வெளியான ஆய்வு, அவற்றில் பெரும்பகுதி துத்தநாகச் சேர்மங்கள் என்று சொன்னது. கண்ணுக்குப் போடும் மருந்தாக இருக்கலாம் என்பது ஆய்வாளர்கள் முடிவு. அரிப்புக்கு இன்று நாம் தடவும் ரோஸ் நிறக் கேலமைன் லோஷனிலும் அதே துத்தநாகம்தான்!

ஒரே மூச்சில் இன்னும் ஐந்து!

இத்தாலியின் கபுவா கல்லறையில் கிடைத்த பொய்க்கால், கி.மு. 300 வாக்கில் மரத்தின் மேல் வெண்கலத் தகடு போர்த்திச் செய்தது. லண்டனில் பத்திரமாக வைத்திருந்தார்கள். 1941-இல் குண்டு விழுந்து அழிந்தது.

கையை இழந்த மார்க்கஸ் செர்ஜியஸ் என்ற ரோமானியத் தளபதி, இரும்புக் கை மாட்டிக்கொண்டு மறுபடி போருக்குப் போனார்!

பிணத்தோடு தங்கம் வைக்கக் கூடாது என்றது ரோமின் பன்னிரண்டு பலகைச் சட்டம். ஒரே விதிவிலக்கு, பல்லைக் கட்டிய தங்கம்!

ஏதென்ஸ் பகுதியில் கி.மு. நான்காம் நூற்றாண்டுக் கல்லறை ஒன்று, அதில் உறங்கும் ஃபானோஸ்ட்ரேட் என்ற பெண்ணை மருத்துவச்சி என்றும் மருத்துவர் என்றும் குறிக்கிறது.

நோய் வந்தால் நான் டாக்டரே இல்லை என்று சவால் விட்டாராம் அஸ்கிளிபியாடிஸ் என்ற டாக்டர். நோயே வராமல் முதுமை வரை வாழ்ந்து, கடைசியில் படிக்கட்டில் விழுந்து செத்தார்!

பன்றி கத்துவது நின்றது, சபை வாய் பிளந்தது!

கடைசியாக ஒரு ஜாம்பவான். காலன்! கி.பி. 129-இல் பெர்கமம் நகரில் பிறந்தவர். 28 வயதில் கிளாடியேட்டர்களுக்கு டாக்டர். வாள்வெட்டுக் காயத்தின் மேல் மதுவில் நனைத்த துணியை வைத்து, இரவும் பகலும் காயாமல் பார்த்துக்கொண்டார். கிருமி தெரியாது, ஆனால் எது ஆறுகிறது என்று கண் பார்த்தது!

ரோமுக்கு வந்து பெரிய மனிதர்கள் முன்னால் ஒரு பரிசோதனை. கட்டிவைத்த பன்றி வீறிடுகிறது. கழுத்தில் ஒரு மெல்லிய நரம்பை மடக்கிப் பிடிக்கிறார் காலன். பன்றி உயிரோடு இருக்கிறது, மூச்சு விடுகிறது, சத்தம் மட்டும் இல்லை! குரலை ஆள்வது மூளைதான், இதயம் இல்லை என்று அந்த ஒரு நொடியில் காட்டிவிட்டார். இன்னொரு முறை, மாரில்லஸ் என்பவரிடம் அடிமையாக இருந்த ஒரு சிறுவனின் சீழ்பிடித்த மார்பெலும்பை வெட்டி எடுத்தார். துடிக்கும் இதயம் வெளியே தெரிந்தது. சிறுவன் பிழைத்துக்கொண்டான்!

கி.பி. 192-இல் ரோமில் பெருந்தீ. காலனின் நூல்களும், அவரே மெழுகில் மாதிரி செய்து வார்க்கவிருந்த கருவிகளும் சாம்பல். அதைப் பற்றி அவர் எழுதிய கடிதம், 2005-இல் கிரேக்கத்தின் தெசலோனிகி மடாலயம் ஒன்றில் கிடைத்தது!

சரி, தாடையைத் தொட்டுப் பாருங்கள்!

இவ்வளவு பெரிய காலனுக்கும் ஒரு குறை. மனித உடலை அறுக்க வழியில்லாமல் குரங்கையும் பன்றியையும் அறுத்தார். அங்கே கண்டதை மனிதனுக்கும் பொருத்தினார். மனிதனின் கீழ்த்தாடை இரண்டு எலும்பு என்று எழுதினார். அவரே மாணவர்களிடம், அலெக்சாண்டிரியாவுக்குப் போய் மனித எலும்புக்கூட்டைக் கண்ணால் பாருங்கள் என்று வற்புறுத்தியவர்! பின்னால் வந்தவர்கள் அந்த அறிவுரையை விட்டுவிட்டு, அவர் புத்தகத்தைப் பிடித்துக்கொண்டார்கள். ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் இரண்டு எலும்பு, இரண்டு எலும்பு என்று மனப்பாடம்!

கி.பி. 1200 வாக்கில் எகிப்தில் பெரும் பஞ்சம். குவிந்து கிடந்த மண்டை ஓடுகளை எடுத்துப் பார்த்த அப்துல் லத்தீஃப் என்ற பாக்தாத் மருத்துவர், ஆயிரக்கணக்கில் பார்த்தும் கீழ்த்தாடை எல்லாம் ஒரே எலும்பாகத்தான் இருக்கிறது என்று எழுதினார். ஐரோப்பாவில் 1543-இல் வெசாலியஸ் என்ற மருத்துவர் தன் கையாலேயே அறுத்துப் பார்த்து, பெரிய நூலாகவே போட்டுக் காலனின் பிழைகளை வரிசையாக எடுத்துக்காட்டினார்.

நீங்களும் இப்போதே ஒரு காதின் கீழ் விரலை வைத்து, தாடை வழியே முகவாயைத் தாண்டி அடுத்த காது வரை தடவிப் பாருங்கள். நடுவில் மூட்டு எங்கேயாவது தட்டுப்படுகிறதா? ஒரே எலும்பு!